பொலோஞாவில் சாப்பிடுவதற்காகவே ஒரு வார இறுதி: குடும்பத்தோடு போகிறவர்கள் கேட்கும் கேள்விகள்

இத்தாலியின் பொலோஞா நகரத்திலிருந்து ரயிலில் ஒரு மணி நேரத் தொலைவில் குடியிருப்பதால், லண்டனிலிருந்தும் சூரிச்சிலிருந்தும் குழந்தை குட்டிகளோடு கிளம்பும் உறவினர்கள் முதலில் என்னைத்தான் அழைக்கிறார்கள். ஊர் வேறு, குடும்பம் வேறு என்றாலும் சந்தேகங்கள் மட்டும் மாறுவதே இல்லை. அவற்றைக் கேட்டவர்களின் வார்த்தைகளிலேயே இங்கே தொகுத்திருக்கிறேன்.

"ரெண்டே நாள் லீவு. ரோம், பாரிஸ் எல்லாம் இருக்க, ஏன் பொலோஞா?"

ரோமுக்கும் பாரிசுக்கும் போனால் பார்த்தே தீர வேண்டியவை என்று ஒரு பட்டியல் துரத்தும். சாப்பாடு இரண்டு வரிசைகளுக்கு நடுவே நின்றபடி விழுங்கும் காரியமாகிவிடும். பொலோஞாவில் அந்தத் துரத்தல் குறைவு. 1088இல் தொடங்கியதாகக் கருதப்படும் பல்கலைக்கழகத்தால் 'கற்றவள்' என்றும், செங்கல் நிறத்தால் 'சிவந்தவள்' என்றும், சமையலால் 'கொழுத்தவள்' என்றும் இத்தாலியர்களே இந்த ஊரை அழைக்கிறார்கள். மூன்றாவது பெயரை நம்பித்தான் நாம் போகிறோம்.

இன்னொரு காரணமும் உண்டு. நகரத்தின் தெருக்களில் பெரும்பாலானவை தூண்கள் தாங்கிய தாழ்வாரங்களை உடையவை. மொத்தம் சுமார் 62 கிலோமீட்டர் நீளமுள்ள இவை 2021இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் இடம்பெற்றன. மழையோ வெயிலோ, தள்ளுவண்டியில் குழந்தையை வைத்துக்கொண்டு ஒரு கடையிலிருந்து அடுத்த கடைக்குக் குடையில்லாமல் போய்விடலாம்.

"எந்த மாசம் போனா நல்லது?"

ஏப்ரல், மே, செப்டம்பர் கடைசி, அக்டோபர் ஆகியவை நடப்பதற்கு இதமானவை. ஆனால் இந்த ஊரின் தலைசிறந்த உணவுகள் சூடான சூப்பில் மிதப்பவை என்பதால், குளிர் தாங்குபவர்களுக்கு நவம்பரும் டிசம்பரும்தான் சரியான காலம் என்பேன். ஆகஸ்டைத் தவிர்த்துவிடுங்கள். 15ஆம் தேதி வரும் ஃபெர்ரகோஸ்தோ விடுமுறையை ஒட்டி நல்ல சமையற்காரர்கள் கடையைப் பூட்டிவிட்டுக் கடற்கரைக்குப் போய்விடுவார்கள், வெயிலும் வாட்டும்.

பலர் கவனிக்கத் தவறும் செய்தி ஒன்று: பொலோஞா ஒரு பெரிய கண்காட்சி நகரம். வசந்த காலத்தில் அழகுப்பொருள் கண்காட்சியும் சிறுவர் புத்தகக் கண்காட்சியும் நடக்கும் நாட்களில் விடுதி வாடகை பல மடங்கு ஏறிவிடும். விமானச்சீட்டு வாங்குவதற்கு முன்பே அறை கிடைக்குமா என்று பார்த்துவிடுவது புத்திசாலித்தனம்.

"ஏர்போர்ட்ல இருந்து எப்படிப் போறது? எங்கே தங்கலாம்?"

விமான நிலையத்திலிருந்து மத்திய ரயில் நிலையத்துக்கு 2020 முதல் மோனோரயில் ஓடுகிறது. ஏழெட்டு நிமிடப் பயணம். ரயில் நிலையத்துக்கும் பியாட்சா மஜ்ஜோரே எனப்படும் பெரிய சதுக்கத்துக்கும் நடுவே எங்கே தங்கினாலும் நடக்கும் தூரம்தான். சிறு குழந்தை இருந்தால் அடுக்களையோடு கூடிய வீட்டை எடுங்கள். காரணம் பிறகு தெரியும்.

"வெள்ளி ராத்திரி வந்து ஞாயிறு சாயங்காலம் திரும்பினா போதுமா?"

போதும். ஆனால் சனிக்கிழமையை நடுத்தூணாக வைத்துத் திட்டமிட வேண்டும். சதுக்கத்தின் கிழக்கே உள்ள குவாட்ரிலாதெரோ என்ற குறுகிய சந்துகளில் மீன், காய்கறி, பாலாடைக்கட்டி, இறைச்சி, கையால் செய்த பாஸ்தா ஆகியவற்றை விற்கும் பழைய கடைகள் தோளோடு தோள் உரசி நிற்கின்றன. ஊகோ பாஸ்ஸி தெருவில் 1910இல் திறக்கப்பட்ட மெர்காத்தோ தெல்லே எர்பே என்ற காய்கறிச் சந்தை இருக்கிறது. இவை சனிக்கிழமை காலையில் முழு உயிரோடு இருக்கும். ஞாயிற்றுக்கிழமையில் காய்கறிச் சந்தை இருக்காது. பழைய கடைகளில் பல மூடியிருக்கும், அல்லது மதியத்தோடு மூடிவிடும்.

ஞாயிறு மதியச் சாப்பாடு இத்தாலியர்களுக்குக் குடும்பப் பந்தி போன்றது. பாட்டி முதல் கைக்குழந்தை வரை பத்துப் பேர் மேசையைச் சுற்றி அமர்ந்து மூன்று மணி நேரம் எழுந்திருக்க மாட்டார்கள். அதனால் உங்களுக்கும் இடம் வேண்டுமானால் இரண்டு வாரம் முன்னதாகவே சொல்லி வைக்க வேண்டும். ஞாயிறு இரவும் திங்களும் பல நல்ல உணவகங்களுக்கு விடுமுறை. ஆகவே வெள்ளி இரவு எளிமையாகவும், சனி மதியம் சந்தையிலும், ஞாயிறு மதியம் நிதானமாகவும் சாப்பிடுவது என் வழக்கமான பரிந்துரை. இரண்டு நாளில் இவற்றுக்கு மேல் பெரிய சாப்பாடு எதையும் சேர்க்காதீர்கள். மூன்றாவது பெரிய சாப்பாட்டை யாரும் ரசித்து நான் பார்த்ததில்லை.

"ஊர் பேரே சொல்ற ஸ்பகெட்டி பொலோனேஸ் எந்தக் கடையில நல்லா இருக்கும்?"

எந்த நல்ல கடையிலும் இருக்காது. இறைச்சியை மெதுவாக வேகவைத்துச் செய்யும் ரகூ என்ற குழம்பை இந்த ஊரில் ஸ்பகெட்டியோடு சேர்ப்பதில்லை. முட்டை சேர்த்துத் தேய்த்து நாடாவாக நறுக்கிய தல்யாதெல்லேயோடுதான் பரிமாறுவார்கள். ஸ்பகெட்டி வழுக்கும், குழம்பு தட்டின் அடியில் தங்கிவிடும். தல்யாதெல்லேயின் சொரசொரப்பு குழம்பைப் பிடித்துக்கொள்ளும். உணவுப் பட்டியலில் ஸ்பகெட்டி பொலோனேஸ் என்று பெரிதாக எழுதியிருந்தால் அது சுற்றுலாப் பயணிகளுக்கான கடை என்று அறிந்துகொண்டு நடையைக் கட்டலாம்.

இந்த விஷயத்தில் ஊர்க்காரர்களின் பிடிவாதம் வேடிக்கையானது. வெந்த தல்யாதெல்லேயின் அகலம் 8 மில்லிமீட்டர், அதாவது இந்த ஊரின் பழைய அசினெல்லி கோபுரத்தின் உயரத்தில் 12,270இல் ஒரு பங்கு இருக்க வேண்டும் என்று 1972இல் வணிகச் சபையில் பதிவு செய்தார்கள். அந்த அளவுக்குத் தங்கத்தில் ஒரு மாதிரியும் உண்டு. ரகூவின் செய்முறையை 1982இல் பதிவு செய்து, 2023இல் திருத்தினார்கள். இதைக் கேட்ட என் பெரியப்பா, "சாம்பாருக்கு இப்படி ஒரு பதிவு வைத்தால் தமிழ்நாட்டில் கலவரமே வரும்" என்றார்.

"டொர்டெல்லினி, டொர்டெல்லோனி ரெண்டும் ஒண்ணுதானே?"

இல்லை. இந்த வேறுபாட்டைத் தெரிந்துகொள்ளாமல் சைவர்கள் இந்த ஊரில் எதையும் வாங்கக் கூடாது. டொர்டெல்லினி என்பது விரல் நுனி அளவே உள்ள சின்னச் சோமாசு போன்றது. உள்ளே பன்றி இறைச்சியும் அதிலிருந்து செய்யும் புரோஷுத்தோ, மோர்டடெல்லா ஆகியவையும், பார்மிஜானோ என்ற கெட்டியான பாலாடைக்கட்டியும், முட்டையும், ஜாதிக்காயும் இருக்கும். இந்தப் பூரணமும் 1974இல் பதிவாகியிருக்கிறது. அதைக் கோழி, மாட்டிறைச்சி வேகவைத்த தெளிந்த சாற்றில் மிதக்க விடுவார்கள். டொர்டெல்லோனி அளவில் பெரியது. உள்ளே ரிக்கோட்டா என்ற மென்மையான பாலாடைக்கட்டியும் பார்ஸ்லியும் இருக்கும், மேலே வெண்ணெயும் சேஜ் இலையும் சேரும். பெயரில் ஓர் எழுத்துத்தான் மாறுகிறது, பூரணம் முழுக்க மாறிவிடுகிறது.

"அம்மா சுத்த சைவம், அக்கா. பட்டினி போட்டுடுவோமோன்னு பயமா இருக்கு."

பட்டினி போட வேண்டியதில்லை, ஆனால் கவனம் வேண்டும். இங்கே 'இறைச்சி இல்லாமல்' என்று சொன்னால், கண்ணுக்குத் தெரியும் துண்டுகள் இல்லாமல் என்றே பலர் புரிந்துகொள்கிறார்கள். என் அத்தையை அழைத்துச் சென்ற ஓர் உணவகத்தில் அப்படிச் சொல்லியும், பஸ்ஸதெல்லி என்ற உணவு மாட்டிறைச்சிச் சாற்றில் வந்து நின்றது. ரொட்டித்தூள், பாலாடைக்கட்டி, முட்டை ஆகியவற்றைப் பிசைந்து, நம் இடியாப்ப அச்சு போன்ற ஒன்றில் பிழிவதுதான் பஸ்ஸதெல்லி. அத்தை அதைப் பார்த்ததும், "அட, தடிமனான சேவை!" என்று மகிழ்ந்து கரண்டியை எடுத்துவிட்டார். நான் அவர் கையைப் பிடித்து நிறுத்தியதும், பரிமாறியவர் உண்மையாகவே குழம்பிப்போய், "துண்டு ஒன்றும் இல்லையே" என்றார். அவர்மேல் குற்றமில்லை. அவருடைய அகராதியில் சாறு இறைச்சியாகாது. அன்று முதல், 'சென்சா கார்னே' என்பதோடு நிறுத்தாமல் 'சென்சா புரோதோ தி கார்னே', அதாவது இறைச்சிச் சாறும் வேண்டாம் என்று சேர்த்தே சொல்கிறேன்.

இரண்டாவதாகக் கேட்க வேண்டிய சொல் 'ஸ்த்ருத்தோ'. பன்றிக்கொழுப்பு என்று பொருள். பூரியைப் போல உப்பி வரும் கிரெஷெந்தீனேயை வழக்கப்படி அதில்தான் பொரிப்பார்கள். வெங்காயத்தையும் தக்காளியையும் மணிக்கணக்கில் வதக்கும் ஃபிரிஜ்ஜோனேயிலும் பழைய முறைப்படி அது சேரும். இப்போது பல இடங்களில் எண்ணெய்தான், ஆனால் கேட்காமல் நம்பக் கூடாது. எண்ணெயில் செய்த ஃபிரிஜ்ஜோனே கிடைத்தால் விடாதீர்கள். நம் தக்காளித் தொக்கு காரத்தை மட்டும் வீட்டில் விட்டுவிட்டு வந்ததுபோல் இருக்கும். இவை தவிர டொர்டெல்லோனி, காளான் சேர்த்த தல்யாதெல்லே, தக்காளிக் குழம்போடு உருளைக்கிழங்கு நியொக்கி, சுட்ட காய்கறிகள் ஆகியவை அநேகமாக எங்கும் கிடைக்கும்.

"முட்டையும் சாப்பிட மாட்டாங்க. அப்போ?"

இங்கே பட்டியல் சட்டென்று சுருங்கிவிடும். இந்த ஊரில் புதிதாகச் செய்யும் பாஸ்தா, நூறு கிராம் மாவுக்கு ஒரு முட்டை என்ற கணக்கில் பிசையப்படுவது. ஆகவே தல்யாதெல்லே, டொர்டெல்லோனி, லசான்யா மூன்றிலும் முட்டை உண்டு. கடினக் கோதுமை ரவையும் தண்ணீரும் மட்டும் சேர்ந்த உலர்ந்த பாஸ்தாவில் பொதுவாக முட்டை இருக்காது. 'பாஸ்தா செக்கா' என்று கேட்டு, தக்காளிக் குழம்போடு வாங்கலாம். சீஸ் இல்லாத மரினாரா பிட்சாவும் உதவும்.

பாலாடைக்கட்டியைப் பற்றியும் ஒளிவுமறைவின்றிச் சொல்லிவிடுகிறேன். பார்மிஜானோ ரெஜ்ஜானோவுக்கான பாலைக் கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கும் உறைபொருளால்தான் திரிய வைக்க வேண்டும் என்பது அதன் விதிமுறை. அதை அறிந்தபின் தொடமாட்டேன் என்பவர்கள் எந்தத் தட்டு வந்தாலும் மேலே தூவ வேண்டாம் என்று முன்னதாகவே சொல்ல வேண்டும். டொர்டெல்லோனியின் பூரணத்திலும் அது பெரும்பாலும் கலந்திருக்கும். இத்தகைய குடும்பங்களுக்காகத்தான் அடுக்களை உள்ள வீட்டை எடுக்கச் சொன்னேன். சந்தைக் காய்கறிகளோடு ஒரு வேளை வீட்டில் சமைப்பது குறையே இல்லை. கையளவு பருப்பையும் பெருங்காயத்தையும் பெட்டியில் போட்டுக்கொண்டு வருபவர்களை நான் கேலி செய்வதில்லை.

"நாங்க கோழி மட்டும்தான். மாடு, பன்றி கிடையாது."

சைவரைவிட உங்களுக்குத்தான் சிரமம் அதிகம். ரகூவில் மாட்டிறைச்சியும் பன்றியும், கொத்தொலெத்தா என்ற பொலோஞா வறுவலில் கன்றிறைச்சியும் புரோஷுத்தோவும் சேரும். கோழி இந்தச் சமையலில் பெரும்பாலும் சாறாகவே முடிந்துவிடுகிறது. மேலே சைவர்களுக்குச் சொன்னதையே பின்பற்றி, மீனைச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

"பசங்களுக்கு ஆறரைக்கே பசிக்கும். ராத்திரி ஓட்டல் எப்போ திறக்கும்?"

ஏழரைக்கு முன் அடுப்பு பற்றாது. மதியமும் பன்னிரண்டரைக்குத் தொடங்கி இரண்டரைக்குள் முடித்துவிடுவார்கள். மூன்று மணிக்குப் போய் நின்றால் காப்பிதான் கிடைக்கும். எனவே முக்கியமான சாப்பாட்டை மதியத்துக்கு மாற்றுங்கள். மாலை ஆறு மணிக்குக் கிளாவாத்துரே தெருவை ஒட்டிய மெர்காத்தோ தி மெட்ஸோ போன்ற இடங்களில் தட்டுத் தட்டாக ஏதாவது வாங்கிக் கொடுத்துவிட்டால், இரவு ஜெலாட்டோ என்ற இத்தாலிய ஐஸ்கிரீமோடு நாள் முடிந்துவிடும்.

குழந்தைகளுக்கு அரைப் பங்கு வேண்டுமென்றால் 'மெட்ஸா போர்ட்ஸியோனே', உயர நாற்காலி வேண்டுமென்றால் 'செஜ்ஜொலோனே' என்று கேளுங்கள். குழம்பே வேண்டாம் என்று அடம்பிடிக்கும் பிள்ளைக்கு 'பாஸ்தா இன் பியாங்கோ', அதாவது வெண்ணெயோ எண்ணெயோ மட்டும் சேர்த்த வெறும் பாஸ்தா. இதைக் கேட்பதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. இத்தாலியப் பிள்ளைகளும் அதைத்தான் தின்கிறார்கள்.

"பில்லுல கோபெர்த்தோன்னு ஆளுக்கு ரெண்டு மூணு யூரோ போட்டிருக்காங்க. ஏமாத்துறாங்களா?"

ஏமாற்றவில்லை. அது மேசைவிரிப்புக்கும் ரொட்டிக்கும் வாங்கும் கட்டணம். உணவுப் பட்டியலின் ஓர் ஓரத்தில் எழுதியிருப்பார்கள். அதைக் கொடுத்தபின் தனியாக டிப்ஸ் வைக்க வேண்டிய கட்டாயம் இல்லை. தண்ணீர் புட்டியாக வரும், விலையும் சேரும்.

"குழந்தைகளோட சமையல் வகுப்புக்குப் போகலாமா, இல்ல காசு தண்டமா?"

இரண்டு நாளில் ஒரே ஒரு செலவுதான் செய்வேன் என்றால் இதைச் செய்யுங்கள். மாவைக் கையால் தேய்க்கும் பெண்களை இங்கே ஸ்ஃபோல்யீனா என்பார்கள். மரப்பலகையில் மாவைக் குவித்து, நடுவே கிணறு போல் குழித்து, முட்டையை உடைத்து ஊற்றி, முள்கரண்டியால் ஓரத்து மாவை உள்ளே இழுப்பார்கள். பிசைந்து, ஊறவைத்து, கைப்பிடியே இல்லாத ஒரு கை நீளக் கட்டையால் தேய்க்கத் தொடங்குவார்கள். சப்பாத்தி தேய்த்துப் பழகிய நம் கை கட்டையை முன்னும் பின்னும் உருட்டும். அவர்களோ மாவைக் கட்டையில் சுருட்டி, உள்ளங்கைகளை நடுவிலிருந்து ஓரத்துக்கு நகர்த்தி இழுத்து விரிப்பார்கள். கடைசியில் அந்த மாவு மேசையின் விளிம்பில் துணி போலத் தொங்கும். வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தால் மறுபக்கம் நிற்கும் ஆளின் நிழல் தெரியும்.

ஐந்து வயதுக்கு மேற்பட்ட பிள்ளைகளால் டொர்டெல்லினி மடிக்க முடியும்: சதுரத்தை முக்கோணமாக மடித்து, சுண்டுவிரலில் சுற்றி, இரு முனைகளையும் ஒட்ட வேண்டும். தன் கையால் மடித்ததைச் சாப்பிட மாட்டேன் என்று சொன்ன பிள்ளையை நான் இதுவரை பார்க்கவில்லை. பதிவு செய்யும்போதே பூரணம் இறைச்சியா ரிக்கோட்டாவா என்று தீர்மானித்துச் சொல்லிவிடுங்கள்.

"சீஸ் செய்யற இடத்தையும், மொடேனாவையும் அதே ரெண்டு நாள்ல பார்த்துடலாமா?"

பார்க்க முடியும், ஆனால் வேண்டாம் என்பேன். பார்மிஜானோ செய்வது அதிகாலையில் தொடங்கி முற்பகலில் முடிந்துவிடும் வேலை. அதற்கு முன்பதிவும் காரும் வேண்டும். முன்சொன்ன சனிக்கிழமைச் சந்தையை அது அப்படியே விழுங்கிவிடும். மூன்றாவது நாள் கையில் இருந்தால் தாராளமாகப் போங்கள். ஒவ்வொரு செம்புக் கொப்பரையிலிருந்தும் ஒரே பெரிய உருண்டையாகத் திரண்ட பாலாடையைத் துணியில் ஏந்தி, இரண்டாக வெட்டுவார்கள். அவற்றை இரட்டையர் என்றே அழைக்கிறார்கள். ஏறத்தாழ 40 கிலோ எடையுள்ள ஒரு வட்டுக்கு 550 லிட்டர் அளவுக்குப் பால் செலவாகிறது. குறைந்தது 12 மாதம் அலமாரியில் கிடந்தபின், சின்னச் சுத்தியலால் தட்டி, ஓசையை வைத்தே உள்ளே வெடிப்பு உண்டா என்று சொல்லிவிடுவார்கள். தேங்காயைத் தட்டிப் பார்த்து வாங்கும் நமக்கு அது உடனே புரியும்.

மொடேனாவுக்கு ரயிலில் அரை மணி நேரம்கூட ஆகாது. 1931இல் கட்டிய அல்பினெல்லி சந்தை அங்கே இருக்கிறது. பழங்கால முறைப்படி குறைந்தது 12 ஆண்டு மரப்பீப்பாய்களில் முதிரும் பால்சாமிக் காடியும் அந்த ஊருடையதே.

"எந்நேரமும் சாப்பாடுன்னா பசங்க சலிச்சுக்க மாட்டாங்களா?"

பெரிய சதுக்கத்தை ஒட்டிய பொதெஸ்தா மாளிகையின் வளைவின் கீழ், எதிரெதிர் மூலைகளில் சுவரைப் பார்த்து நின்று கிசுகிசுத்தால் மறுமூலையில் தெளிவாகக் கேட்கும். இதில் அரை மணி நேரம் போய்விடும். வயிற்றில் இடம் உண்டாக்க வேண்டுமானால் சான் லூக்கா குன்றுக்குப் போகலாம். 666 வளைவுகளோடு ஏறத்தாழ நான்கு கிலோமீட்டர் நீளும் தாழ்வாரத்தின் வழியே ஏற வேண்டும். கால் வலிக்கும் பெரியவர்களுக்குச் சதுக்கத்திலிருந்து சிறு சுற்றுலா வண்டி உண்டு. அசினெல்லி கோபுரத்தின் 498 படிகளைப் பிள்ளைகளுக்கு வாக்குக் கொடுத்துவிடாதீர்கள். பக்கத்திலுள்ள கரிசெந்தா கோபுரத்தின் சாய்வு கவலை தந்ததால், 2023 அக்டோபரில் அந்த இடத்தையே மூடினார்கள்.

"மகனுக்கு நட்ஸ் அலர்ஜி. நம்பிக் கொடுக்கலாமா?"

பதினான்கு வகை ஒவ்வாமைப் பொருள்களைப் பற்றிய தகவலை உணவகங்கள் தர வேண்டும் என்பது ஐரோப்பிய ஒன்றியச் சட்டம். பட்டியலில் எண்களாகக் குறித்திருப்பார்கள். மோர்டடெல்லாவில் சில சமயம் பிஸ்தா இருக்கும், ஜெலாட்டோக் கடையில் ஒரே கரண்டி பல பாத்திரங்களுக்குள் போகும். இவ்விரண்டிலும் கூடுதல் எச்சரிக்கை தேவை. கோதுமை ஒவ்வாதவர்கள் மேலே சொன்ன மாவு வகுப்பைத் தவிர்ப்பது நல்லது. அந்த அறையின் காற்றிலேயே மாவு மிதக்கும்.

"திரும்பும்போது சீஸ் வாங்கிட்டுப் போகலாமா?"

ஒன்றியத்துக்குள் என்றால் தடையில்லை; கடைக்காரரிடம் காற்று நீக்கிய உறையில் போட்டுத் தரச் சொல்லுங்கள். லண்டன்காரர்கள் மட்டும் கவனிக்க: கால்நடைகளுக்கு வரும் கோமாரி நோயைக் காரணம் காட்டி, ஒன்றியத்து நாடுகளிலிருந்து பால்பொருள்களையும் மாட்டு, ஆட்டு, பன்றி இறைச்சியையும் பயணிகள் கொண்டுவர 2025 ஏப்ரலில் தடை விதித்தார்கள். கிளம்புமுன் அப்போதைய விதியைப் பார்த்துக்கொள்ளுங்கள். முன்சொன்ன பழங்கால முறை மொடேனா பால்சாமிக் காடி 100 மில்லி புட்டியில்தான் வரும்; கைப்பைக்கு விமானத்தில் அனுமதிக்கும் அளவும் அதுவே.

"மாமியார் சைவம், அவர் எல்லாம் சாப்பிடுவார், பெரியவனுக்குப் பிட்சா, சின்னவளுக்கு ஒண்ணும் பிடிக்காது. எல்லாரும் ஒரே மேசையில எப்படி?"

இதைக் கேட்காத குடும்பமே இல்லை. எல்லோரையும் ஒரே உணவகத்தின் பட்டியலுக்குள் அடைக்கப் பார்ப்பதால்தான் சண்டை வருகிறது. சனிக்கிழமை மதியம் சந்தைக்குள் போய் முதலில் மேசையைப் பிடித்து, மாமியாரை அங்கே அமர்த்திவிட்டு, ஆளுக்கொரு கடையில் வாங்கி வந்து நடுவில் வையுங்கள். மாமியாருக்கு டொர்டெல்லோனி வாங்கும்போது மட்டும் நீங்களே போய் நின்று, ரிக்கோட்டாதானே என்று இரண்டு முறை கேளுங்கள். சின்னவளை அன்று முற்பகலில் மாவு வகுப்புக்கு அழைத்துப் போயிருந்தால், இந்த நேரம் அவளே ஒரு தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டிருப்பாள்.